பார்ட்டிஷன் போட்டாத்தான் மிச்சம்

திண்டிவனம்
14-2-89

செல்வி லூர்துமேரி அவர்களுக்கு,

அம்சா எழுதுவது. பாண்டிச்சேரியில் கம்ப்யூட்டர் வகுப்பு படித்த காலத்தில் கண்டமங்கலத்தில் ஒன்றாகப் பஸ் ஏறி, ஒரே சீட்டில் இடித்துக்கொண்டு போனவளுக்கு 'அவர்களுக்கு' போட்டு எழுதுவேன் என்று கனவிலும் நினைக்கவில்லை. எழுத வைத்துவிட்டாய்.

வீட்டு முன்பக்கத்தில் நடத்துகிற என் டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட்டுக்காகப் பொங்கலுக்கு வாங்கின கம்ப்யூட்டர் கரண்ட் தகராறில் படுத்துக்கொண்டது. எங்கள் வீட்டுக்காரர் அதை மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் விழுப்புரம் வந்தார். நீ வேலை பார்க்கிற கடையில் நீயேதான் ஹார்டு டிஸ்க்கைத் துடைத்து, புதிதாக ஃபார்மேட் செய்து கொடுத்தாய். மெஷின் ஓடுகிறது. அதில் குறையில்லை.

ஆனால் நேற்று டிஸ்க்கில் எவ்வளவு இடம் இருக்கிறது என்று பார்த்தேன். வாங்கும்போது நாற்பது எம்.பி. என்று சொல்லித்தான் கொடுத்தார்கள். இப்போது முப்பத்திரண்டுதான் காட்டுகிறது. அணைத்துவிட்டுப் போட்டேன், அப்போதும் முப்பத்திரண்டு. மீதி எட்டு எங்கே? எட்டு எம்.பி. என்றால் நாலாயிரம் பக்கம் டைப் அடித்து வைக்கலாமே!

பதற்றத்தில் "ஐயோ, எட்டக் காணோமே!" என்று கத்திவிட்டேன். கூடத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்த இவர் அண்ணன், அதான் எங்கள் மூத்தார், காதில் விழுந்துவிட்டது. "நாப்பது குடுத்தா முப்பத்திரண்டா வருதுன்னா இன்னா அர்த்தம்? பெருசக் கழட்டிக்கினு சின்னதப் போட்டு அனுப்பிட்டாங்க. அவங்க கையில குடுத்தா வேற இன்னா ஆவும்?" என்றார். வருகிற இருபத்தேழாம் தேதி திங்கட்கிழமை விழுப்புரம் வந்து, உன் முதலாளியிடம் நாலு பேர் எதிரில் கேட்கப் போகிறாராம்.

எங்கள் வீட்டுக்காரரைக் கேட்கலாம் என்றால், உங்கள் கடையிலிருந்து திரும்பிய நாளாய் என்னோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை. "எல்லாம் உன் சிநேகிதி சொல்லிட்டா" என்று சொல்லிவிட்டுத் துண்டை உதறிக்கொண்டு போய்விடுகிறார். என்ன சொன்னாய்?

கை தவறி வேறு யாருடைய டிஸ்க்கையாவது மாற்றிப் போட்டிருந்தால் என்னிடம் மட்டும் சொல்லிவிடு. திருப்பி அனுப்பு. வெளியே தெரியாமல் முடித்துக்கொள்ளலாம். நான் உன் பக்கம்தான்.

அம்சா


விழுப்புரம்
16-2-89

திருமதி அம்சா அம்மாள் அவர்களுக்கு,

உனக்கும் 'அவர்களுக்கு' போடத் தெரியும் எனக்கு.

'நான் உன் பக்கம்தான்' என்று கடைசியில் எழுதியிருக்கிறாய். அதற்கு முந்தின வரியைத் திரும்பப் படித்துப் பார்த்தாயா? 'வெளியே தெரியாமல் முடித்துக்கொள்ளலாம்.' அதாவது நான் திருடிவிட்டேன், நீ பெரிய மனசு பண்ணி மூடி மறைக்கிறாய். ரொம்ப சந்தோஷம்டி அம்மா!

உன் மூத்தார் கண்ணையன் சொன்னதையும் ஒரு எழுத்து விடாமல் எழுதியிருக்கிறாய். 'அவங்க கையில குடுத்தா.' யார் அந்த அவங்க? கடைக்காரர்களா, விழுப்புரத்துக்காரர்களா? இல்லை, கண்டமங்கலத்தில் உங்கள் தெரு முடிந்த பிறகு வருகிற தெருக்காரர்களா? எங்கள் அப்பா ராயப்பன் உங்கள் அப்பா நிலத்தில் மல்லாட்டை பிடுங்கினவர். ஒரு கடலைக்காயை மடியில் முடிந்துகொண்டு வந்ததில்லை. அவர் மகள் ஹார்டு டிஸ்க்கை மடியில் முடிந்துகொண்டாளாம். அந்தச் சொல்லை எழுதும்போது உன் பேனா நின்றிருக்க வேண்டாமா?

இந்தக் கடையில் ரிப்பேர் மேஜையில் உட்காருகிற ஒரே பெண் நான். முதலாளி விருத்தாசலம் நல்லவர்தான். ஆனால் வாசலில் ஒருவர் வந்து நின்று 'திருட்டு' என்று கத்தினால் விசாரிக்கிற ஆள் இல்லை, மறுநாளிலிருந்து என்னை வர வேண்டாம் என்று சொல்லுகிற ஆள். அதற்குப் பிறகு எட்டு கிடைத்தாலும் எண்பது கிடைத்தாலும் என் வேலை கிடைக்காது. எந்தக் கடையிலும் கிடைக்காது.

எட்டு எங்கே என்று கேட்கிறாய். உன் வீட்டுக்காரரைக் கேள். பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கூடவே வந்து, பஸ் ஏறின பிறகும் ஜன்னலைப் பிடித்துக்கொண்டு அவரிடம் தெளிவாகச் சொல்லி அனுப்பினேன். அவர் தலையை வேறு ஆட்டினார். திருடி என்று எழுதினவளுக்கு அதையே இரண்டாம் தடவை எழுதிக் கொடுக்க எனக்கு வராது. வாய் இருக்கிறவர்தானே, அவரையே கேட்டுக்கொள்.

தவக்காலத்தில் கோபப்படக் கூடாது என்று சாமியார் ஞாயிற்றுக்கிழமைதான் பிரசங்கத்தில் சொன்னார். உன்னால் அதுவும் போச்சு.

லூர்துமேரி


திண்டிவனம்
18-2-89

லூர்து,

கேட்டேன். கேட்காமலே இருந்திருக்கலாம்!

சாப்பாடு போட்டுவிட்டு, "லூர்து உங்ககிட்ட இன்னாமோ சொல்லி அனுப்பிச்சாளாமே?" என்று மெதுவாகத்தான் கேட்டேன். சோற்றில் வைத்த கையை எடுத்துவிட்டார். "அத என் வாயால வேற சொல்லணுமா? நீயும் அவளும் பேசிவச்சிக்கினுதான சொல்றீங்க? பார்ட்டிஷன் போட்டாத்தான் உனக்கு மிச்சம் வருமாம். ஜல்தியா போடணுமாம். இல்லன்னா எட்டும் யாருக்கும் ஆவாம சும்மா கெடக்குமாம். எங்க அண்ணன் தலையில கல்லப் போடச் சொல்லி பஸ் ஸ்டாண்டுல நின்னு எனக்குப் பாடம் எடுக்குறா உன் சிநேகிதி!" என்றார். இலையை மடித்துவிட்டுப் போய்விட்டார்.

ஏண்டி, உனக்கு ஏன் இந்த வேலை? கிளியனூரில் எங்கள் எட்டுக் காணி நிலம் அண்ணன் தம்பி இரண்டு பேருக்கும் பொதுவில் கிடக்கிறது. பாகம் பிரிக்கிற பேச்சை இந்த வீட்டில் வாயால் எடுக்கக் கூடாது. பக்கத்து வீட்டுக்காரர்கள் பார்ட்டிஷன் கேஸ் போட்டு, அண்ணனும் தம்பியும் கோர்ட்டு வாசலில் முறைத்துக்கொண்டு நின்றதைப் பார்த்த பிறகு, அந்தச் சொல்லே எங்கள் வீட்டுக்காரருக்கு ஆகாது. இதெல்லாம் உனக்குத் தெரியும். நான்தான் சொன்னேன்.

இன்னொன்றும் உன்னிடம் மட்டும்தான் சொன்னேன். பாகம் பிரிந்து தனியாகப் போனால் என் கம்ப்யூட்டருக்கு ஒரு அறை கிடைக்கும், டைப் மெஷின் சத்தத்துக்கு நடுவில் அதைப் போர்வை போர்த்தி வைக்க வேண்டாம் என்று போன மாதம் வந்திருந்தபோது சும்மா ஒரு ஆசையில் சொன்னேன். அது உன் வயிற்றில் தங்கவில்லையா? அவரிடமே போய்ச் சொல்லிவிட்டாயே! நான் டிஸ்க்கில் காணாமல் போன எட்டைக் கேட்டால் நீ நிலத்து எட்டைப் பற்றிப் பேசியிருக்கிறாய்.

மூத்தார் திங்கட்கிழமை வருவதை நிறுத்தலாம் என்று பார்த்தேன். இப்போது நான் உனக்காக ஒரு வார்த்தை பேசினாலும் 'ரெண்டு பேரும் கூட்டு' என்கிறார்கள். ஓரகத்தி பாஞ்சாலி அக்கா எனக்குக் குழம்பு ஊற்றும்போது கரண்டியைப் பாத்திரத்தில் இடிக்கிறாள். ஒரே பேஜாரு.

நீ திருடியிருக்க மாட்டாய். அதை முதல் கடிதத்திலேயே எழுதியிருக்க வேண்டும். ஆனால் இதைச் செய்துவிட்டாயே.

அம்சா


விழுப்புரம்
20-2-89

அடியே அம்சா!

உன் கடிதத்தைக் கடையில் நின்றுகொண்டே படித்தேன். முதலில் ஒன்றும் புரியவில்லை. நிலத்தைப் பற்றி நான் எங்கேடி பேசினேன்? எனக்கும் கிளியனூருக்கும் என்ன சம்பந்தம்? இரண்டாம் தடவை படித்தேன். 'பார்ட்டிஷன் போட்டாத்தான் மிச்சம் வரும்.' நான் சொன்னதுதான். அப்படியே நான் சொன்னதுதான்! மாதாவே! மேஜையில் தலையை வைத்துக்கொண்டு சிரித்தேன் பார், முதலாளி எனக்கு ஷாக் அடித்துவிட்டது என்று ஓடிவந்து மெயின் சுவிட்சையே அணைத்துவிட்டார்.

அது நிலம் இல்லைடி! டிஸ்க்கு! டிஸ்க்குக்குப் பார்ட்டிஷன்!

பொறுமையாகக் கேள். நம் வகுப்பில் ஹார்டு டிஸ்க்கே இல்லை, ஃபிளாப்பியை மாற்றி மாற்றிப் போட்டுத்தானே படித்தோம், உனக்குத் தெரிய நியாயமில்லை. ஹார்டு டிஸ்க்கை ஃபார்மேட் செய்வதற்கு முன்னால் பாகம் பிரிக்க வேண்டும். அதற்குப் பெயரே பார்ட்டிஷன்தான், நான் என்ன செய்ய? ஒரு பாகம் முப்பத்திரண்டு எம்.பி.க்கு மேல் போகாது. மெஷினை ஓட்டுகிற புரோகிராம், டாஸ், விடாது. ஆகையால் நாற்பது இருக்கிற டிஸ்க்கில் முதல் பாகம் சி என்று முப்பத்திரண்டு, மிச்சம் எட்டுக்கு இன்னொரு பாகம் போட்டு டி என்று பெயர் வைக்க வேண்டும். அதைப் போடாத வரைக்கும் அந்த எட்டு மெஷின் கண்ணுக்குத் தெரியாது. எங்கேயும் போகவில்லை. அங்கேயே கிடக்கிறது.

ஏன் நானே போடவில்லை என்று கேட்பாய். எங்கள் கடையில் இருக்கிற டாஸ் ஃபிளாப்பி பழசு. அதற்கு இரண்டாம் பாகம் போடவே தெரியாது. உன் மெஷினோடு கொடுத்த புது ஃபிளாப்பி உன்னிடம் திண்டிவனத்தில் இருக்கிறது, உன் வீட்டுக்காரர் எடுத்து வரவில்லை. அதனால்தான் பஸ் ஜன்னலில் தொங்கிக்கொண்டு சொன்னேன். "அண்ணா, பழசை வச்சிக்கினு இவ்ளோதான் முடியும். புதுசு அம்சா கையில கீது. ஜல்தியா பார்ட்டிஷன் போடச் சொல்லுங்க, அப்பத்தான் அவளுக்கு மிச்சம் வரும். இல்லன்னா எட்டும் யாருக்கும் ஆவாம சும்மா கெடக்கும்." கண்டக்டர் விசில் அடித்துவிட்டார். டிஸ்க் என்ற சொல்லை நடுவில் போட எனக்குத் தோன்றவே இல்லை, மடியில் அதைத்தானே வைத்திருந்தார் மனுஷன்! அவர் மூஞ்சி சுண்டிப் போனதை வெயில் என்று நினைத்தேன்.

உங்கள் நிலம் எட்டுக் காணி என்று நான் கண்டேனா? நீ ரகசியமாகச் சொன்னதில் கணக்கு இல்லையே. உன் அறை ஆசை என் வயிற்றிலேயேதான் இருக்கிறது, பயப்படாதே.

இப்போது செய்ய வேண்டியது. புது ஃபிளாப்பியைப் போட்டு மெஷினை ஆன் செய். எஃப்டிஸ்க் என்று அடி. பார்ட்டிஷன் உண்டாக்கு என்று முதலில் வரும், ஒன்றை அழுத்து. அதில் எக்ஸ்டென்டட் பார்ட்டிஷன் என்று இரண்டாவதாக இருக்கும், அதைப் போடு. மிச்சம் எட்டு என்று அதுவே காட்டும், எல்லாவற்றையும் எடுத்துக்கொள். டி என்று பெயர் கொடுக்கும். மெஷின் மறுபடி எழுந்த பிறகு டி-யை ஃபார்மேட் செய். டி-யைத்தான். அழிக்கிற நம்பரைத் தொட்டால் நான் பொறுப்பில்லை.

வீட்டில் எல்லாரையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு செய். முக்கியமாக உன் மூத்தாரை. திங்கட்கிழமைக்கு முன்னால் செய்துவிடுடி, எனக்கு இரண்டு நாளாகச் சோறு இறங்கவில்லை.

சிரித்தேன் என்பதால் 'அவங்க'வை மறந்துவிட்டேன் என்று நினைக்காதே. அது தனி.

லூர்து


திண்டிவனம்
22-2-89

லூர்து! லூர்து! லூர்து!

வந்துவிட்டது! எட்டு வந்துவிட்டது!

உன் கடிதத்தைக் கூடத்தில் எல்லார் எதிரிலும் சத்தமாகப் படித்தேன் (என் அறை ஆசை வரியைத் தாண்டிவிட்டேன், 'அவங்க' வரி வந்ததும் மடித்துவிட்டேன்). பஸ் ஜன்னல் கட்டம் வந்ததும் எங்கள் வீட்டுக்காரர் மெல்ல எழுந்து கிணற்றடிக்குப் போய் முகம் கழுவிக்கொண்டு வந்தார். காது மடல் வரைக்கும் சிவப்பு. "அவ டிஸ்க்குன்னு சொல்லவே இல்ல" என்றார். "உன் மடியில இன்னா இருந்துச்சு, பூசணிக்காயா?" என்று பாஞ்சாலி அக்கா கேட்டுவிட்டாள்! அவள் சிரித்து நான் பார்த்ததே இல்லை, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

ஆனால் மூத்தார் சிரிக்கவில்லை. "கதையெல்லாம் நல்லாத்தான் கீது. எட்டு வருதான்னு பாப்போம்" என்று நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு திரைக்கு எதிரில் உட்கார்ந்துவிட்டார்.

புது ஃபிளாப்பியைத் தேடினேன் பார், எங்கேயும் இல்லை. கடைசியில் என் கல்யாணப் புடவை மடிப்பில் இருந்தது, பூச்சி அரிக்காமல் இருக்க வேண்டும் என்று நானே வைத்தது! போட்டேன். எஃப்டிஸ்க் அடித்தேன். திரையில் 'பார்ட்டிஷன்' என்று கொட்டை எழுத்தில் வந்தது. எங்கள் வீட்டுக்காரர் விரல் வைத்து எழுத்துக் கூட்டிப் படித்தார். அண்ணனும் தம்பியும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கொண்டார்கள். "மெஷினுக்குக் கூடவா இந்தச் சனியன்?" என்றார் மூத்தார்.

எக்ஸ்டென்டட் போட்டேன். லூர்து, சத்தியமாகச் சொல்கிறேன், அந்த எட்டு அங்கேயே இருந்தது! 'எடுத்துக்கொள்கிறாயா' என்று கேட்டதடி! ஆமாம் என்று அடித்தேன். டி வந்தது. ஃபார்மேட் ஓடினபோது கடகடவென்று அது எண்ணிக்கொண்டே போக, நான் முந்தானையைக் கடித்துக்கொண்டு நின்றேன். முடிந்ததும் இந்த டிரைவுக்கு என்ன பெயர் என்று கேட்டது. பதினோரு எழுத்துதான் கொள்ளுமாம். உன் பெயரை இங்கிலீஷில் எண்ணிப் பார்த்தேன், பத்து. அளவெடுத்துத் தைத்த மாதிரி! அடித்துவிட்டேன். இனி டி-யைத் திறந்தால் முதல் வரியிலேயே 'டிரைவ் டி-யின் பெயர் லூர்துமேரி' என்றுதான் வரும். மூத்தார் நாற்காலியை இன்னும் கிட்டே இழுத்துப் போட்டுக்கொண்டு அதைப் பார்த்தார்.

இன்லண்ட் லெட்டரில் இடம் முடிந்துவிட்டது, எனக்கும் இரண்டாம் பாகம் வேண்டும். நாளைக் காலையில் தபாலில் போடுகிறேன்.

உன் அம்சா

ஓரத்தில் எழுதுகிறேன், 23-ஆம் தேதி காலை: அடியே, போய்விட்டது! எழுந்ததும் எழுந்ததுமாக மெஷினைப் போட்டேன், டி என்று அடித்தால் அப்படி ஒரு டிரைவே இல்லை என்கிறது! ராத்திரி எல்லாரும் பார்த்ததுதானே? மூத்தார் "பாத்தியா, கண்கட்டு வித்த. திங்கக்கெழம நான் போறது போறதுதான்" என்று சட்டையை இஸ்திரிக்குக் கொடுத்துவிட்டார். நான் என்ன செய்ய?


விழுப்புரம்
24-2-89

அம்சா,

தபாலை நம்பினால் திங்கட்கிழமை தாண்டிவிடும். திண்டிவனம் பஸ்ஸில் கண்டக்டராகப் போகிற பக்கத்து வீட்டு ஜெயம் அக்காவின் வீட்டுக்காரர் கையில் இதைக் கொடுத்தனுப்புகிறேன். சுருக்கமாக எழுதுகிறேன்.

டி எங்கேயும் போகவில்லை. ராத்திரி நீ புது ஃபிளாப்பியைப் போட்டு எழுப்பினாய், அது டி-யைப் பார்த்தது. காலையில் ஃபிளாப்பி இல்லாமல் எழுப்பியிருப்பாய். சி-யில் நான் போட்டு அனுப்பினது கடையின் பழைய டாஸ். பழசுக்கு இரண்டாம் பாகம் போட மட்டுமில்லை, பார்க்கவும் தெரியாது என்பதை உனக்கு எழுத மறந்தேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

புது ஃபிளாப்பியைப் போட்டு எழுப்பு. சி-யை மட்டும் அதாலேயே மறுபடி ஃபார்மேட் செய், கடைசியில் சாய்கோடு போட்டு எஸ் சேர்த்து அடி, புது டாஸ் சி-க்குள் உட்கார்ந்துவிடும். சி-யை. போன தடவை டி, இந்தத் தடவை சி. மாற்றிச் செய்தால் என் பெயரே அழியும்.

முதலாளி இன்று காலை "திண்டிவனத்துல இருந்து யாரோ வர்றாங்களாமே, இன்னா விஷயம்?" என்று கேட்டார். யார் சொன்னார்களோ தெரியாது. ஸ்க்ரூ டிரைவரைக் கீழே போட்டுவிட்டேன். பயமாக இருக்கிறதடி.

லூர்து


திண்டிவனம்
26-2-89

என் லூர்துவுக்கு,

இருக்கிறது! நின்றுவிட்டது! ஃபிளாப்பி இல்லாமல், அணைத்து அணைத்துப் போட்டுப் பார்த்தாயிற்று. நேற்று மத்தியானம் கரண்ட் போய்த் திரும்ப வந்தது, அப்போதும் இருந்தது. சி முப்பத்திரண்டு, டி எட்டு, நாற்பது! ஒவ்வொரு தடவையும் முதல் வரியில் உன் பெயர். பாஞ்சாலி அக்கா போகிற போக்கில் "லூர்து கீறாளா?" என்று கேட்டுவிட்டுப் போகிறாள். "கீறாக்கா" என்கிறேன்.

இன்னொரு சேதி. முந்தாநாள் ராத்திரி எங்கள் வீட்டுக்காரர் "உன்ன ஒரு வாரமா அழ வச்சிட்டேன், வுட்டுடு" என்றார். அப்படியே வாயை மூடிக்கொண்டிருந்தால் எனக்குத்தான் லாபம். என்னால் முடியவில்லை. "லூர்து சொன்னது டிஸ்க்குதான். ஆனா எனக்கு அந்த நெனப்பு இருந்துது. நெலம் வாணாம், ஒரு ரூம் வேணும்" என்று சொல்லிவிட்டேன். கத்துவார் என்று காத்திருந்தேன். எழுந்து போய் அண்ணனிடம் என்னவோ சொன்னார். மறுநாள் மூத்தார் பக்கவாட்டு அறையிலிருந்த மல்லாட்டை மூட்டைகளைத் தானே உருட்டி வெளியே தள்ளினார். "எட்டுக் காணியில கை வைக்க மாட்டேன். இந்த ரூமுக்கு நீ இன்னா பேரு வேணா வச்சிக்கோ" என்றார். லூர்து, எனக்கு அறை கிடைத்துவிட்டது! ஜன்னல் கூட இருக்கிறது!

ஆனால் ஒரு பயம். மூத்தார் நாளைக்கு விழுப்புரம் வருகிறார். "அதான் கெடச்சிடுச்சே, எதுக்கு?" என்று கேட்டேன். "போவணும்" என்கிறார், அவ்வளவுதான். இஸ்திரி போட்ட சட்டை ஆணியில் தொங்குகிறது. இந்தக் கடிதம் உன் கைக்கு வருவதற்குள் அவர் வந்து போயிருப்பார். கோபத்தில் எதுவும் பேசிவிடாதே. அவர் பேசினால் நீ பேசு.

அம்சா


விழுப்புரம்
28-2-89

அம்சா,

உன் கடிதம் இன்றைக்குத்தான் வந்தது. உன் மூத்தார் நேற்றே வந்தார்.

பதினோரு மணி இருக்கும், கடையில் நல்ல கூட்டம். வாசலில் வெள்ளைச் சட்டையோடு தோளில் ஒரு பையைப் போட்டுக்கொண்டு உள்ளே வந்தார். பார்த்ததும் ஆள் யாரென்று தெரிந்துவிட்டது, உன் கல்யாணத்தில் பார்த்த முகம்தானே. நேராக முதலாளி மேஜைக்குப் போய், "எங்க வூட்டுக்குப் பார்ட்டிஷன் போட்ட பொண்ணு எது?" என்று கேட்டார், கடையே அதிர. முதலாளி முகம் வெளிறிவிட்டது. நான் குடும்பம் கலைக்கிறவள் என்றே முடிவு கட்டிவிட்டார் பாவம்.

நான் எழுந்து நின்றேன். "நான்தாங்க" என்றேன். அவர் என் மேஜைக்கு வந்து பையை இறக்கினார். மல்லாட்டை. கிளியனூர் மல்லாட்டை. "எட்டும் கெடச்சிடுச்சும்மா. முழுசா நாப்பது. நான் இங்க வந்து திருட்டுன்னு கத்தறதா இருந்தேன். அதான் நானே வந்து சொல்லிட்டுப் போலாம்னு" என்றார். எல்லாருக்கும் கேட்கிற மாதிரிதான் சொன்னார். முதலாளியைப் பார்த்து, "கை சுத்தமான பொண்ணு, வச்சிக்கோ" என்று வேறு உத்தரவு போட்டார். முதலாளி "சரிங்க, சரிங்க" என்று தலையாட்டுகிறார், ஒன்றும் புரியாமலே! அவர் போன பிறகு ரிப்பேர் மேஜை முழுவதும் மல்லாட்டைத் தோல். நானும் தின்றேன், நன்றாகவே இருந்தது. வேலை பிழைத்தது என்று அந்த நிமிஷம்தான் எனக்கு உறைத்தது, பின்பக்கம் போய் அழுதுவிட்டு வந்தேன்.

இப்போது அந்தத் தனி விஷயம். சந்தோஷமாக இருக்கும்போதே சொல்லிவிடுகிறேன், கோபத்தில் சொன்னால் நீ கோபம் என்று ஒதுக்கிவிடுவாய்.

அவர் 'கை சுத்தம்' என்றார். நல்லது. டிஸ்க்கில் என் பெயரை வைத்தாய், படித்ததும் கூத்தாடினேன், பொய் சொல்லவில்லை. ஆனால் உன் கல்யாணத்தில் நான் எங்கே சாப்பிட்டேன் என்று ஞாபகம் இருக்கிறதா? பந்திக்குப் போனவளைப் பாஞ்சாலி அக்கா தோளைத் தொடாமலே திருப்பி, பந்தலுக்கு வெளியே தண்ணீர் டிரம் பக்கத்தில் பெஞ்சு போட்டு உட்கார வைத்தாள். நீ மணவறையிலிருந்து பார்த்தாய். நானும் உன்னைப் பார்த்தேன். போன மாதம் வந்தபோதும் இன்ஸ்டிட்யூட்டோடு திரும்பினேன், கூடத்துக்குள் வா என்று நீ கூப்பிடவில்லை. உன் வீட்டு மெஷினுக்குள் முதல் வரியில் இருக்கிறேன், உன் வீட்டுக்குள் எந்தப் பாகத்தில் இருக்கிறேன் அம்சா?

ஈஸ்டருக்கு மறுநாள் எனக்கு லீவு. நோன்பு முடிந்திருக்கும், கறி சாப்பிடுவேன். திண்டிவனம் வருகிறேன். இலை எங்கே போடப் போகிறாய் என்று முன்னாலேயே எழுதிவிடு. டிரம் பக்கத்தில் என்றால் பஸ் ஏற மாட்டேன், சண்டையும் போட மாட்டேன், மெஷின் கெட்டால் ரிப்பேர் செய்தும் தருவேன். ஆனால் கண்டமங்கலம் பஸ்ஸில் ஒரே சீட்டில் போனோம் என்று இனிமேல் எழுதாதே.

லூர்துமேரி


திண்டிவனம்
3-3-89

லூர்து,

கார்டில்தான் எழுதுகிறேன், யார் வேண்டுமானாலும் படிக்கட்டும்.

ஞாபகம் இருக்கிறது. பார்த்தேன், பேசாமல் இருந்தேன்.

உன் கடிதத்தைக் கூடத்தில் படித்தேன், இந்தத் தடவை கடைசி வரி வரைக்கும். பாஞ்சாலி அக்கா எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டாள், இன்னும் என்னோடு பேசவில்லை. "லூர்து வந்தா நடுக்கூடத்துல என் பக்கத்துல எல போடுவேன். இல்லன்னா நானும் வெளிய ஒக்காந்து சாப்புடுவேன்" என்றேன். எங்கள் வீட்டுக்காரர் அண்ணன் முகத்தைப் பார்த்தார். மூத்தார் ரொம்ப நேரம் மல்லாட்டையை உரித்துக்கொண்டே இருந்தார். அப்புறம் சொன்னார்: "எல போடறதுல இன்னாம்மா பார்ட்டிஷன்?"

வா. ஆட்டுக்கறியா, கோழியா? ஜல்தியாக எழுது.

அம்சா